வக்கீலம்மா பதில்கள்: சம்பள ஜப்தி

இந்த மாதம் வந்த கடிதங்களில் பாதிக்கு மேல் சம்பள ஜப்தி பற்றியவை, அதாவது கோர்ட் உத்தரவுப்படி கடனுக்காகச் சம்பளத்தில் பிடிப்பது. ஜெயித்தவர், தோற்றவர், தோற்றவருக்கு ஜாமீன் போட்டவர், நடுவில் மாட்டிக்கொண்ட அக்கவுன்டன்ட் என்று எல்லாத் தரப்பும் எழுதியிருக்கிறார்கள். எனவே இந்த முறை பக்கம் முழுவதும் இதற்கே.

நான் ஜூனியராகச் சேர்ந்தபோது ஆபீசில் யாரும் தொட விரும்பாதவை ஈ.பி. கட்டுகள்தான். ஈ.பி. என்றால் எக்ஸிகியூஷன் பெட்டிஷன், அதாவது நிறைவேற்றுதல் மனு. வழக்கை ஜெயித்துக் கொடுத்துப் பெயர் வாங்குவது சீனியர். அந்தப் பணத்தை வசூலித்துத் தர அலைவது ஜூனியர். அப்படி என் தலையில் கட்டிய வேலை முப்பது வருடமாக என்னை விட்டுப் போகவில்லை.

*கூட வேலை பார்த்தவர் என்று நம்பி 4 லட்சம் ரூபாயைப் புரோநோட்டில் கொடுத்தேன். 2023-ல் வட்டியும் செலவும் சேர்த்து 4,60,000 ரூபாய்க்கு டிக்ரி (கோர்ட்டின் தீர்ப்பாணை) ஆனது. அவர் இன்னும் அரசு அலுவலகத்தில் வேலை பார்க்கிறார், ஓய்வு பெற 19 மாதம் இருக்கிறது. ஈ.பி. போட 12 வருடம் டைம் இருக்கிறது, அவசரமில்லை என்கிறார் எங்கள் வக்கீல். காத்திருக்கலாமா?*
ஓய்வு பெற்ற ஊழியர், திண்டுக்கல்

காத்திருக்காதீர்கள் அம்மா. முதலில் வக்கீலுக்குப் போன் போடுங்கள், மீதியை அப்புறம் படிக்கலாம்.

12 வருடம் என்று அவர் சொன்னது சரி. காலவரையறைச் சட்டத்தின் 136-வது கூறு அப்படித்தான் சொல்கிறது. ஆனால் அது உங்கள் டிக்ரியின் ஆயுள். அவருடைய சம்பளத்தின் ஆயுள் 19 மாதம்தான். ஓய்வுக்குப் பிறகு அவருக்கு வருவது பென்ஷன். பென்ஷன், பணிக்கொடை, பி.எஃப். மூன்றிலும் ஜப்தி கை வைக்க முடியாதபடி உரிமையியல் நடைமுறைச் சட்டம் 60-வது பிரிவு பூட்டுப் போட்டிருக்கிறது. ரிடையர் ஆகும்போது மொத்தமாக வருமே, அதில் பிடித்துக்கொள்ளலாம் என்று பொறுமையாக இருந்து ஏமாந்தவர்களை நிறையப் பார்த்திருக்கிறேன்.

இனி கணக்கு. அவருடைய சம்பளத்தை நீங்கள் எழுதவில்லை. அரசு விலக்கு அறிவித்திருக்கும் படிகள் போக 46,000 ரூபாய் என்று வைத்துக்கொள்வோம். இதில் முதல் 1,000 ரூபாயைத் தொட முடியாது. மீதி 45,000-ல் மூன்றில் இரண்டு பங்கையும் தொட முடியாது. ஆக, ஜப்திக்குக் கிடைப்பது மாதம் 15,000. (இந்த 1,000 ரூபாய் 2002 ஜூலைக்கு முன்பு 400-ஆக இருந்தது. அதற்குப் பிறகு விலைவாசி எங்கேயோ போய்விட்டது, இது மட்டும் நகரவில்லை.)

அடுத்து, பலருக்கும் தெரியாத 24 மாதக் கணக்கு. ஒரே டிக்ரிக்காகச் சம்பளத்தை மொத்தம் 24 மாதம்தான் பிடிக்க முடியும், தொடர்ந்து பிடித்தாலும் சரி, விட்டு விட்டுப் பிடித்தாலும் சரி. அதற்கு மேல் அந்த டிக்ரிக்கு அந்தச் சம்பளக் கதவு நிரந்தரமாக மூடிவிடும். முழுசாக 24 மாதம் கிடைத்திருந்தாலே உங்களுக்கு 3,60,000 ரூபாய்தான் வந்திருக்கும். இருப்பதோ 19 மாதம். மனு போட்டு, நோட்டீஸ் போய், உத்தரவாகிப் பிடித்தம் தொடங்க ஆறு மாதம் ஆனால் மிஞ்சுவது 13 மாதம், 1,95,000 ரூபாய். டிக்ரியில் அசலுக்கு 6 சதவீத வட்டி போட்டிருந்தால் 4 லட்சத்துக்கு வருடம் 24,000 ரூபாய் வட்டி வேறு ஏறிக்கொண்டே இருக்கும். பொதுவாக, வருகிற பணம் முதலில் வட்டிக்கும் செலவுக்கும் போய்விட்டுத்தான் அசலுக்கு வரும்.

டிக்ரி ஆகி இரண்டு வருடத்துக்கு மேல் ஆகிவிட்டதால் முதலில் அவருக்கு நோட்டீஸ் அனுப்பியாக வேண்டும். அதற்கே ஓரிரு வாய்தா போகும். ஈ.பி.யை ஆறு மாதத்துக்குள் முடிக்க வேண்டும், தாமதமானால் காரணத்தை எழுத வேண்டும் என்று 2021-ல் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. என் பீரோவில் இருக்கும் சில கட்டுகளுக்கு அந்தச் சேதி இன்னும் போய்ச் சேரவில்லை.

மனுவில் ஒரு விஷயத்தைத் தயவுசெய்து நீங்களே சரிபாருங்கள்: சம்பளம் வழங்கும் அதிகாரி யார் என்பதை. எனக்கு மூன்றாவது வருடமோ நாலாவது வருடமோ, ஒரு தொடக்கப்பள்ளி ஆசிரியர் மேல் ஈ.பி. போட்டேன். அவர் வேலை பார்ப்பது பள்ளியில், எனவே தலைமையாசிரியர் பெயருக்கு உத்தரவு வாங்கினேன். நாலு மாதம் கழித்து அது திரும்பி வந்தது. தொடக்கப்பள்ளி ஆசிரியருக்குச் சம்பளப் பட்டியல் போடுவது வட்டாரக் கல்வி அலுவலகம், தலைமையாசிரியர் இல்லை. அந்த நாலு மாதம் என் கட்சிக்காரருக்குப் போனது போனதுதான். சீனியர் திட்டவில்லை. "அந்த ஆபீசுக்கு ஒரு தடவை நேரில் போய் கேஷியரிடம் டீ குடித்திருந்தால் தெரிந்திருக்குமே" என்றார். அன்றிலிருந்து மனு எழுதுவதற்கு முன்பு அந்த ஆபீசுக்குப் போய்விட்டு வருகிறேன்.

பிடிக்கும் பணம் உங்கள் வீட்டுக்கு வராது. கோர்ட் டெபாசிட்டில் போய் உட்காரும். அதை எடுக்கத் தனியாக மனு போட வேண்டும். நாலைந்து மாதத்துக்கு ஒரு முறை சேர்த்து எடுத்தால் அலைச்சல் குறையும்.

குறையும் தொகைக்கு அவருடைய மற்ற சொத்தைத் தேடுங்கள். என்னென்ன இருக்கிறது என்று தெரியாவிட்டால், அவரைக் கோர்ட்டுக்கு வரவழைத்து விசாரிக்கவும், சொத்துப் பட்டியலைப் பிரமாணப் பத்திரமாகத் தாக்கல் செய்ய வைக்கவும் உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் 21-வது ஆணை, 41-வது விதியில் வழி உண்டு. பட்டியல் தர மறுத்தால் மூன்று மாதம் வரை சிவில் சிறை. சம்பளத்துக்கு ஒன்று, சொத்துக்கு ஒன்று என இரண்டு வேலையையும் ஒரே நேரத்தில் தொடங்கச் சொல்லுங்கள்.

*நண்பனுக்காக ஒரு நிதி நிறுவனத்தில் ஜாமீன் கையெழுத்துப் போட்டேன். இரண்டு தவணைக்கு மேல் அவன் கட்டவில்லை. நான் நகராட்சியில் வேலை பார்க்கிறேன், சம்பளம் 34,000. போன மாதத்திலிருந்து 11,000 ரூபாய் பிடிக்கிறார்கள். அவனோ புது பைக்கில் போகிறான். முதலில் அவனிடம்தானே கேட்க வேண்டும்? இன்னொரு கடனுக்கும் என் மேல் டிக்ரி இருக்கிறது. அவர்களும் மூன்றில் ஒரு பங்கு பிடித்தால் நான் எதை வைத்துக் குடும்பம் நடத்துவது? "முழுச் சம்பளத்தையும் பிடித்துக்கொள்ளச் சம்மதம்" என்று வேறு எழுதி வாங்கியிருக்கிறார்கள்.*
பெயர் வேண்டாம், விழுப்புரம்

தம்பி, பயப்பட வேண்டியதை விட்டுவிட்டு மற்றதற்கெல்லாம் பயந்திருக்கிறீர்கள்.

முதலில் கசப்பான பதில். "முதலில் அவனிடம் கேள்" என்று சொல்லும் உரிமை ஜாமீன்தாரருக்குப் பொதுவாகக் கிடையாது. இந்திய ஒப்பந்தச் சட்டம் 128-வது பிரிவின்படி, ஒப்பந்தத்தில் வேறு மாதிரி எழுதியிருந்தால் ஒழிய, கடன் வாங்கியவருக்கு எவ்வளவு பொறுப்போ அவ்வளவு ஜாமீன் போட்டவருக்கும். கடன் கொடுத்தவர் யாரிடம் சுலபமாக வசூலாகுமோ அங்கேதான் வருவார். உங்களுக்கு மாதச் சம்பளம், சம்பளப் பட்டியல், ஆபீஸ் முகவரி எல்லாம் இருக்கிறது. அவனுக்கு இருப்பது பைக். உங்களிடம் கையெழுத்துக் கேட்டதே அரசுச் சம்பளக்காரர் என்பதற்காகத்தான்.

முழுச் சம்பளம் என்று எழுதிக் கொடுத்த காகிதத்தை மறந்துவிடுங்கள். உரிமையியல் நடைமுறைச் சட்டம் 60-வது பிரிவு தரும் பாதுகாப்பை விட்டுக்கொடுப்பதாக யார் எழுதிக் கொடுத்தாலும் அது செல்லாது என்று அதே பிரிவில் 1A உட்பிரிவு சொல்கிறது. 34,000-ல் 1,000 போக 33,000, அதில் மூன்றில் ஒன்று 11,000. உங்கள் ஆபீசில் சரியாகத்தான் பிடித்திருக்கிறார்கள்.

இரண்டாவது டிக்ரிக்காரர் இன்னொரு 11,000 பிடிக்க முடியாது. பிடிக்கக்கூடிய பங்கு ஒன்றுதான், ஆளுக்கு ஒன்று கிடையாது. ஏற்கெனவே ஓர் உத்தரவுப்படி அந்தப் பங்கு போய்க்கொண்டிருந்தால், அடுத்து வரும் உத்தரவைச் சம்பளம் வழங்கும் அதிகாரி முழு விவரத்தையும் எழுதி அந்தக் கோர்ட்டுக்கே திருப்பி அனுப்ப வேண்டும், 21-வது ஆணையின் 48-வது விதி அப்படி. அவருக்கு அது தெரியாமல் இருக்கலாம். ஆகவே ஒரு கடிதம் எழுதி, முதல் உத்தரவின் நகலையும் இணைத்துக் கொடுத்து, வாங்கிக்கொண்டதற்குக் கையெழுத்தும் வாங்கி வையுங்கள்.

24 மாதப் பிடித்தம் முடிந்ததும் முதல் டிக்ரிக்கு உங்கள் சம்பளம் முழுவதும் விடுபட்டுவிடும். அதற்குப் பிறகு 12 மாதத்துக்கு வேறு எந்த டிக்ரிக்கும் பிடிக்க முடியாது. அந்த ஒரு வருடம் முடிந்தபின் இரண்டாவது ஆள் வரலாம். நடுவில் மூச்சு விடக் கிடைக்கும் அந்த வருடத்தில் புதுக் கடன் வாங்கிவிடாதீர்கள். வாங்கிவிட்டுத் திரும்பி வந்தவர்கள் இருக்கிறார்கள், அதனால் சொல்கிறேன்.

நீங்கள் கவலைப்பட வேண்டிய விஷயம் இனிமேல்தான். நண்பனுக்காக நீங்கள் கட்டும் ஒவ்வொரு ரூபாயையும் அவனிடமிருந்து திரும்பக் கேட்கும் உரிமை ஒப்பந்தச் சட்டம் 145-வது பிரிவில் இருக்கிறது. ஆனால் அதற்கு மூன்று வருடக் கெடு, நீங்கள் பணம் கட்டிய நாளிலிருந்து. உங்கள் பணம் மாதாமாதம் போவதால், முதல் மாதப் பிடித்தத்திலிருந்தே எண்ணத் தொடங்குங்கள், அதுதான் பத்திரம். 24 மாதமும் முடியட்டும், மொத்தமாகக் கேட்கலாம் என்று இருந்தீர்கள் என்றால் கையில் மிஞ்சுவது ஒரு வருடம். சம்பளச் சீட்டு, பிடித்த தொகை, கோர்ட் உத்தரவு எல்லாவற்றையும் ஒரு ஃபைலில் போட்டு வையுங்கள். நண்பனுக்கு வாட்ஸ்அப்பில் திட்டி எழுதுவதற்குப் பதில் "உனக்காக இந்த மாதம் இவ்வளவு கட்டினேன்" என்று தொகையோடு எழுதுங்கள். அவன் "கொடுத்துடுறேன் மாப்ள" என்று பதில் போட்டால் அதையும் பத்திரப்படுத்துங்கள்.

*திருப்பூரில் ஒரு பனியன் கம்பெனியில் அக்கவுன்டன்டாக இருக்கிறேன். கரூர் கோர்ட்டிலிருந்து இரண்டு ஊழியர்கள் மேல் சம்பள ஜப்தி உத்தரவு வந்திருக்கிறது. ஒருவர் ஆபீஸ் மேனேஜர், இன்னொருவர் மெஷின் ஆபரேட்டர். "ரெண்டு மாசம் பார்த்தும் பாராம இருங்க சார்" என்று கெஞ்சுகிறார்கள். விட்டால் என்ன ஆகும்?*
அக்கவுன்டன்ட், திருப்பூர்

விட்டால் கம்பெனி கட்ட வேண்டி வரும். 21-வது ஆணையில் தனியார் ஊழியர்களுக்கான 48A விதி, உத்தரவை மீறிக் கொடுத்த சம்பளத்துக்கு முதலாளியையே பொறுப்பாக்குகிறது. அப்புறம் முதலாளி உங்களைப் பார்ப்பார்.

ஆனாலும் உங்கள் கடிதத்தில் கவனிக்க வேண்டிய இரண்டு விஷயங்கள் இருக்கின்றன. அரசு ஊழியர் என்றால் அவர் எந்த ஊரில் சம்பளம் வாங்கினாலும் கோர்ட் உத்தரவு போடலாம். தனியார் ஊழியருக்கு அப்படி இல்லை, சம்பளம் வழங்குபவர் அந்தக் கோர்ட்டின் எல்லைக்குள் இருக்க வேண்டும். உங்கள் சம்பளக் கணக்கு திருப்பூரில் நடக்கிறது என்றால், டிக்ரி வாங்கியவர் அதைத் திருப்பூர் கோர்ட்டுக்கு டிரான்ஸ்மிட் செய்து (மாற்றி) வாங்கி அங்கேதான் ஈ.பி. போட வேண்டும். இரண்டாவது, மெஷின் ஆபரேட்டர். உடலுழைப்புத் தொழிலாளியின் கூலியை ஜப்தி செய்யவே முடியாது. திறன் பெற்ற தொழிலாளியும் அதில் அடக்கம் என்று சட்டத்திலேயே விளக்கம் இருக்கிறது. மேனேஜருக்கு இது பொருந்தாது.

இதையெல்லாம் நீங்களே முடிவு செய்துகொண்டு உத்தரவை டிராயரில் போட்டு மூடிவிடாதீர்கள். அதுதான் நடக்கும் தவறு. கம்பெனி வக்கீல் மூலம் இந்த இரண்டு விவரத்தையும் எழுதி வாய்தாத் தேதிக்குள் கரூர் கோர்ட்டில் தாக்கல் செய்யுங்கள். ஆபரேட்டரை அவருடைய ஆட்சேபணையை அவரே மனுவாகப் போடச் சொல்லுங்கள். கோர்ட் வேறு சொல்லும் வரை பிடிக்கிற பங்கைப் பிடித்து வைப்பதுதான் கம்பெனிக்கு நல்லது. கெஞ்சுகிறவர்கள் மேல் எனக்கும் இரக்கம்தான். ஆனால் இரக்கப்பட வேண்டிய இடம் கோர்ட், அக்கவுன்ட்ஸ் செக்‌ஷன் இல்லை.

*கணவர் வங்கியில் வேலை பார்க்கிறார், சம்பளம் 36,000. குடும்ப நீதிமன்றத்தில் ஜீவனாம்ச டிக்ரி வாங்கியிருக்கிறேன். "மூன்றில் ஒரு பங்குக்கு மேல் உன்னால் தொட முடியாது, அதுவும் ரெண்டு வருஷம்தான்" என்கிறார். உண்மையா?*
வாசகி, தஞ்சாவூர்

அரைகுறையாக யாரோ சொல்லிக் கொடுத்திருக்கிறார்கள். அவர் சொல்வது மற்ற கடன்களுக்கு. ஜீவனாம்ச டிக்ரி என்றால் கணக்கு தலைகீழ்: மூன்றில் ஒரு பங்குக்குத்தான் பாதுகாப்பு, மூன்றில் இரண்டு பங்கு வரை ஜப்தி செய்யலாம். 36,000-ல் 24,000 வரை, உங்களுக்கு வர வேண்டிய தொகைக்கு உட்பட்டு. 24 மாத வரம்பும் இதற்கு இல்லை. ஒன்றைச் சரிபார்த்துக்கொள்ளுங்கள்: உங்களிடம் இருப்பது சிவில் டிக்ரியா, அல்லது குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 125-வது பிரிவில் (இப்போது புதிய சட்டத்தில் 144) வாங்கிய உத்தரவா? இரண்டையும் குடும்ப நீதிமன்றமே தருவதால் குழப்பம் வரும். பின்னதுக்கு வசூல் முறை வேறு, வாரன்ட் வழி.

*என் மேல் டிக்ரி ஆன பிறகு, சமாதானமாகப் போகலாம் என்று கடன் கொடுத்தவரின் வீட்டிலேயே 1,20,000 ரூபாயை ரொக்கமாகக் கொடுத்தேன். ரசீது வாங்கவில்லை. எட்டு மாதம் கழித்து முழுத் தொகைக்கும் சம்பள ஜப்தி போட்டிருக்கிறார். நான் கொடுத்ததைக் கோர்ட் கழிக்காதா? கட்டாவிட்டால் ஜெயில் என்றும் மிரட்டுகிறார்.*
ஆசிரியர், நாகர்கோவில்

ஐயா, இந்தக் கேள்விக்குப் பதில் எழுதத்தான் எனக்கு மனமே வரவில்லை.

டிக்ரிக்காகக் கோர்ட்டுக்கு வெளியே கொடுத்த பணத்தைக் கோர்ட்டில் பதிவு செய்ய வேண்டும். கொடுத்தவர் மனுப் போட 30 நாள் கெடு. பதிவாகாத பணத்தை ஈ.பி. கோர்ட் கணக்கில் எடுத்துக்கொள்ளாது என்று 21-வது ஆணை 2-வது விதி நேராகவே சொல்கிறது. எட்டு மாதம் ஆகிவிட்டது. வங்கியில் எடுத்த சீட்டு, அவர் அனுப்பிய மெசேஜ், கூட வந்த ஆள் என்று எது இருந்தாலும் வக்கீலிடம் காட்டுங்கள். டிக்ரிக்காரர் கூண்டில் ஏறும்போது அதை வைத்துக் குறுக்கு விசாரணை செய்யலாம், ஒப்புக்கொண்டால் உங்கள் அதிர்ஷ்டம். கொடுத்த பணத்தைத் திரும்பக் கேட்டுத் தனி வழக்குப் போட முடியுமா என்பதையும் கேளுங்கள். இனிமேல் ஒரு ரூபாய் கொடுப்பதாக இருந்தாலும் கோர்ட்டில் கட்டுங்கள், அல்லது வங்கி வழியாக அனுப்பிவிட்டு அந்த மாதமே பதிவு செய்யுங்கள்.

ஜெயில் மிரட்டலுக்கு மட்டும் தூக்கத்தைக் கெடுத்துக்கொள்ள வேண்டாம். கடனைக் கட்ட முடியவில்லை என்பதற்காக மட்டும் யாரையும் சிவில் சிறையில் போட முடியாது என்று 1980-லேயே நீதிபதி கிருஷ்ணய்யர் ஒரு கொச்சி வங்கி வழக்கில் எழுதிவிட்டார். கையில் வசதி இருந்தும் வேண்டுமென்றே ஏமாற்றுகிறார் என்று நிரூபிக்க வேண்டும், அதற்கு முன்பு உங்களுக்கு விளக்கம் கேட்டு நோட்டீஸ் வர வேண்டும். மாதாமாதம் சம்பளத்தில் பிடித்தம் போய்க்கொண்டிருக்கிறது என்பதே உங்கள் தரப்பில் நல்ல பதில். நோட்டீஸ் வந்தால் மட்டும் கோர்ட்டுக்குப் போகாமல் இருந்துவிடாதீர்கள். வாரன்ட் போவது பெரும்பாலும் வராதவர் மேல்தான்.